அறுபத்தோராம் பெட்டியின் காறை எலும்பு

மாதத்தின் முதல் செவ்வாய்க்கிழமை காலை பத்து மணி பத்து நிமிடத்துக்கு எங்கள் லேபில் தொலைபேசி அடித்தால் யாரும் எடுக்க மாட்டார்கள். கையில் இருக்கும் வேலையை அப்படியே வைத்துவிட்டு எல்லோரும் என்னைப் பார்ப்பார்கள். நான்தான் எடுக்க வேண்டும்.

"ஏதாச்சும் சேதி உண்டா?"

"இன்னும் இல்லம்மா."

"சரி. அடுத்த மாசம் கூப்பிடறேன்."

பதினோரு வருடமாக இதே மூன்று வரி. பேசுகிறவர் முப்பது வருடம் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். இணைப்பில் இருக்கும்போது ஒரு வினாடியை வீணாக்கவும் அவருக்கு மனம் வராது. லேபில் அவருக்குச் செவ்வாய்க்கிழமை அம்மா என்று பெயர்.

பழைய போர்களில் காணாமல் போன சிப்பாய்களின் எலும்புகளை அடையாளம் கண்டு வீட்டாரிடம் ஒப்படைப்பது எங்கள் வேலை. தோண்டி எடுப்பவர்கள் வேறு ஆட்கள். எங்களிடம் வருவது பெட்டி. ஒவ்வொரு பெட்டிக்கும் ஒரு எண், ஒவ்வொரு காணாமல் போனவருக்கும் ஒரு ஃபைல். இந்தப் பெட்டியையும் அந்த ஃபைலையும் சேர்த்து வைப்பதற்குள் சில சமயம் ஆறு மாதம் ஆகும், சில சமயம் ஆறு வருடம். நான் பதினாறு வருடமாக இதைச் செய்கிறேன். இதைவிட நல்ல வேலை ஒன்று இருப்பதாக எனக்குத் தெரியவில்லை.

செவ்வாய்க்கிழமை அம்மாவின் அண்ணன் ஐம்பத்தெட்டு வருடத்துக்கு முன்னால் ஓர் ஆற்றங்கரைச் சண்டையில் காணாமல் போனார். அவருக்கு அப்போது இருபத்தொன்று, தங்கைக்கு ஒன்பது. அதே கரையில் அன்று தொலைந்தவர்கள் மொத்தம் ஏழு பேர். அங்கிருந்து வந்த பெட்டிகளும் ஏழு. அவற்றில் ஆறு பெட்டிக்கு நாங்கள் பெயர் கொடுத்து அனுப்பிவிட்டோம். மிச்சம் ஒரு பெட்டி, அறுபத்தொன்றாம் எண். மிச்சம் ஒரு ஆள், அவருடைய அண்ணன். கணக்கு முடிந்தது என்றுதான் யாரும் சொல்வார்கள்.

நாங்கள் சொல்ல முடியாது. மிச்சம் இருப்பதாலேயே ஒருவர் இன்னார் ஆகிவிட மாட்டார். அந்தக் கரையில் எதிர்ப் படையும் இருந்தது, ஊர்க்காரர்களும் இருந்தார்கள். எலும்பே சொல்ல வேண்டும். அறுபத்தொன்றாம் பெட்டியின் எலும்பு, "நான் அவர் இல்லை" என்று சொன்னது. அப்படிச் சொன்னதாக நான்கு வருடத்துக்கு முன்னால் ரிப்போர்ட்டில் எழுதிக் கையெழுத்துப் போட்டது நான்.

இந்த மாதம் அவர் செவ்வாய்க்கிழமை கூப்பிடவில்லை. புதன்கிழமை நேரிலேயே வந்தார்.

அவருக்கு ஒரு கடிதம் போயிருந்தது. எந்த ஃபைலோடும் சேராத முப்பத்தெட்டுப் பெட்டிகளை வரும் திங்கட்கிழமை ஒரே நிலவறையில் வைத்து, மேலே கான்கிரீட் போட்டு மூடிப் பெயரில்லாத ஒரு கல் நடப் போகிறார்கள். மூடிய பிறகு திறப்பதில்லை. அறுபத்தொன்றும் அந்தப் பட்டியலில் இருந்தது.

ஒல்லியான உடம்பு, வெட்டிவிட்ட குட்டை முடி, தோளில் ஒரு பெரிய பை. பின்னால் அவருடைய மாப்பிள்ளை, கார் சாவியை விரலில் சுற்றிக்கொண்டே வந்தார்.

"நான் சண்டை போட வரல டாக்டரம்மா," என்றார் அம்மா. "நீங்க இல்லன்னு எழுதினா இல்லதான். திங்கக்கிழமை மூடறதுக்கு முன்னால அந்தப் பெட்டிய ஒரு தடவ பாத்துட்டுப் போறேன். யார் வீட்டுப் புள்ளையா இருந்தா என்ன, எங்க அண்ணன் பக்கத்துல விழுந்தவன்தானே."

"வழியெல்லாம் இத முப்பது தடவ ஒத்திகை பாத்தாங்க," என்றார் மாப்பிள்ளை.

"நீங்க வண்டிய ஒழுங்கா ஓட்டியிருந்தா பத்து தடவையோட முடிஞ்சிருக்கும் மாப்ள. ரெண்டு தடவ வழி தப்பினது யாரு?"

உறவினர்களைப் பெட்டி அறைக்குள் அழைத்துப் போக எங்களுக்கு அனுமதி உண்டு. அது ஜன்னல் பெரிதாக உள்ள நீளமான அறை. எலும்பை வெயில் வெளிச்சத்தில் பார்ப்பதற்கு ஈடு எந்த விளக்கும் இல்லை. அறுபத்தொன்றை மேசையில் கொண்டுவந்து வைத்து, எலும்புகளை உடம்பில் இருந்த வரிசைப்படி அடுக்கினேன். மண்டை ஓடு இல்லை, பல் இல்லை. ஒரு கை, ஒரு தொடை, கொஞ்சம் விலா, இரண்டு காறை எலும்புகள்.

அவர் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தார். பிறகு, "பரம்பரைச் சோதனைன்னு சொல்றாங்களே, எச்சில் எடுத்துப் பாப்பாங்களே, நான்கூடக் குடுத்தேனே. அது என்னாச்சு?" என்று கேட்டார்.

அவருக்கு எழுத்தில் முன்பே பதில் போயிருந்தது. எழுத்தில் போவது வேறு, சொல்வது வேறு. "அந்தக் காலத்துல இந்த எலும்பெல்லாம் சேகரிச்சு, பேர் தெரியாம முதல்ல புதைச்சப்போ கெடாம இருக்கட்டும்னு ஒரு பவுடர் போட்டாங்கம்மா. நல்ல மனசோடதான் போட்டாங்க. எலும்பு கெடல. ஆனா உள்ள இருந்த பரம்பரைச் செய்திய அந்தப் பவுடர் தின்னுடுச்சு. மூணு தடவ முயற்சி பண்ணோம், ஒண்ணும் வரல."

"அப்ப எத வெச்சு இல்லன்னு சொன்னீங்க?"

நான் காறை எலும்பைக் கையில் எடுத்தேன். இந்தக் கேள்வியை யாராவது கேட்க மாட்டார்களா என்று காத்திருப்பவள் நான்.

கழுத்துக்குக் கீழே இரண்டு பக்கமும், தோள் வரைக்கும், தோலுக்கு அடியில் தடவினாலே தட்டுப்படும் எலும்பு இது. மேலிருந்து பார்த்தால் பாம்பு போல மெல்ல வளைந்திருக்கும். ஆனால் எந்த இருவருக்கும் இந்த வளைவு ஒன்று போல இருக்காது. உள்முனையின் அடியில் ஒரு குழி, வெளிமுனையின் தடிமன், நடுவில் நரம்பு நுழையும் ஓட்டை, எல்லாம் ஆளுக்கு ஆள் மாறும். ஒரே ஆளின் இடதும் வலதும்கூட ஒன்றல்ல. எந்தக் கையால் அதிகம் வேலை செய்கிறோமோ அந்தப் பக்கம் கொஞ்சம் குட்டையாகவும் தடியாகவும் இருக்கும். வாலிப வயதில் ஒரு தடவை அமைந்துவிட்டால் அந்த வடிவம் பெரிதாக மாறுவதில்லை.

சரி, எலும்பு கையில் இருக்கிறது. ஒப்பிட எது? அதற்கு எங்களுக்கு ஓர் அதிர்ஷ்டம் வாய்த்தது. அந்தப் போரில் சேர்ந்த ஒவ்வொருவருக்கும் காசநோய் இருக்கிறதா என்று பார்க்க நெஞ்சை எக்ஸ்ரே எடுத்தார்கள். ஒரு நாளைக்கு நானூறு பேர். அத்தனை பேருக்கும் பெரிய ஃபிலிம் போட்டுக் கட்டுப்படியாகாது என்பதால், எக்ஸ்ரே படும்போது ஒளிரும் ஒரு திரையைக் கேமராவால் படம் பிடித்தார்கள். உள்ளங்கையில் அடங்கும் சின்னப் படங்கள். நீளச் சுருளில் வரிசையாக விழும். பிறகு கத்தரித்து ஒவ்வொன்றையும் எண் எழுதிய காகித உறையில் போட்டுத் தகரப் பெட்டியில் வைத்துவிட்டார்கள். அவர்கள் பார்த்தது நுரையீரலை. ஆனால் நெஞ்சை எடுத்தால் காறை எலும்பும் கூடவே விழுந்துதானே ஆக வேண்டும்.

"பாருங்க," என்று ஃபிலிமை உறையிலிருந்து எடுத்து விளக்குப் பலகையில் வைத்தேன். "இதுதான் உங்க அண்ணன்."

ஐம்பத்தெட்டு வருடம் கழித்து அண்ணனின் நெஞ்சை அவர் பார்த்தார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு பலகையை நோக்கிக் குனிந்தார்.

"இந்த வெள்ளையா இருக்கறது என்ன?"

"இதயம். அதோட நிழல். நமக்கு எதிர்ல ஒருத்தர் நிக்கற மாதிரி நினைச்சுக்கோங்க. நம்ம வலது கைப் பக்கம் சாஞ்சிருக்கில்ல? அதாவது அவருக்கு இடது பக்கம். இதயம் இடது பக்கம்தானே சாஞ்சிருக்கும்."

அவர் நிமிர்ந்தார்.

"அப்ப இது எங்க அண்ணன் இல்ல. வேற யாரோட படத்தையோ வெச்சிருக்கீங்க."

"எப்படிச் சொல்றீங்க?"

"எங்க அண்ணனுக்கு இதயம் வலது பக்கம்."

விரலில் சுற்றிக்கொண்டிருந்த கார் சாவி நின்றது. "என்ன அத்தை சொல்றீங்க?"

"ஆமா. இடி இடிச்சா நான் பயந்து ஓடிப்போய் அவன் மேல ஏறிப் படுத்துக்குவேன். இடது பக்கம் காத வெச்சா ஒண்ணும் கேக்காது. வலது பக்கம்தான் திம் திம்முனு கேக்கும். அவன கேட்டா, 'அது வீடு மாறிப் போயிடுச்சு, புது விலாசம் இதுதான்'னு சொல்லுவான். எல்லாருக்கும் வலது பக்கம்தான்னு நான் நினைச்சிட்டிருந்தேன். கல்யாணம் ஆன புதுசுல என் வீட்டுக்காரர் நெஞ்சுல காத வெச்சுட்டு, இந்த மனுஷனுக்கு ஏதோ கோளாறுன்னு ரெண்டு நாள் பயந்து கெடந்தேன்."

"மாமாவுக்கு இது தெரியுமா?" என்றார் மாப்பிள்ளை.

"கோளாறு அவருக்கு இல்லன்னு தெரிஞ்சப்புறம் எதுக்குச் சொல்லணும்?"

"இத ஏம்மா எங்ககிட்ட சொல்லல?" என்று நான் கேட்டேன்.

"உங்க படிவத்துல எலும்பு முறிஞ்சிருக்கா, பல் கட்டியிருக்கா, செருப்பு எத்தனாம் நம்பர்னு கேட்டீங்க. எல்லாம் எழுதினேன். எலும்பு தேடறவங்ககிட்ட போயி இதயத்தப் பத்தி என்ன பேசறது? அதுதான் மண்ணோட போயிருக்குமே."

அவர் சொன்னது சரி. எங்கள் படிவத்தில் அந்தக் கேள்வி இல்லை. அந்த நொடியில் எனக்குப் புரிந்துபோனது. அவர் சொன்னதுபோல வேறு யாருடைய படமும் இல்லை இது. அவர் அண்ணன் படம்தான். தப்பு என்னுடையது.

எங்கள் தொழிலில் இருப்பவர்கள் மட்டுமே செய்யக்கூடிய தப்பு அது. சின்ன ஃபிலிமை உறைக்குள் எப்படி வேண்டுமானாலும் போட்டிருப்பார்கள். எடுக்கும்போது பாதி ஃபிலிம்கள் முன்பின் மாறித்தான் வரும். கண்ணாடியில் பார்ப்பதுபோல இடம் வலமாகத் தெரியும். நாங்கள் இதயத்தைப் பார்ப்போம். அது எதிர்ப்பக்கம் இருந்தால் ஃபிலிமைப் புரட்டி வைப்போம். கோணலாக மாட்டிய படத்தை நேராக்குவதுபோல, யோசிக்காமல் கை தானே செய்துவிடும். வேலைத் தாளில் எழுதக்கூட மாட்டோம். நான்கு வருடத்துக்கு முன்னால் என் கையும் அதைத்தான் செய்திருக்கும். இன்றைக்கும் அவர் கண் முன்னால் செய்திருக்கிறது. ஃபிலிமைப் புரட்டியதும் அண்ணனுடைய வலது காறை எலும்பு இடதாகி நின்றது. பெட்டியில் இருந்த இடது எலும்பை நான் அதோடு ஒப்பிட்டேன். எப்படிச் சேரும்?

இவ்வளவும் யூகம்தான். தங்கையின் ஞாபகத்தை நம்பினேன். ஆனால் ஒன்பது வயது ஞாபகத்தை ரிப்போர்ட்டில் ஒட்ட முடியாது. ஃபிலிமே சொல்ல வேண்டும். அது சொல்லும் என்று எனக்குத் தெரியும்.

"ஒரு மணி நேரம் இருப்பீங்களாம்மா?"

"அம்பத்தெட்டு வருஷம் இருந்தாச்சு," என்று நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டார்.

எங்கள் எக்ஸ்ரேக்காரரை அழைத்தேன். ஃபிலிம் என்றால் அவருக்குத் தூக்கத்தில்கூட விரல் சொல்லும். விஷயத்தைக் கேட்டதும் என்னை ஒரு பார்வை பார்த்தார்.

"நீங்களே புரட்டிட்டு நீங்களே தேடறீங்களா டாக்டர்? நல்லா இருக்கு. எங்க வீட்டுல மூக்குக் கண்ணாடியத் தலைல வெச்சுட்டு நான் தேடுவேன்."

"கேலியெல்லாம் அப்புறம். மங்கல் பக்கம் எதுன்னு பாருங்க."

பெரிய எக்ஸ்ரே ஃபிலிமுக்கு இரண்டு பக்கமும் மருந்து பூசியிருக்கும், முன்பின் தெரியாது. ஆனால் இது கேமராச் சுருள். இதற்கு ஒரு பக்கம்தான் மருந்து. அந்தப் பக்கம் மங்கலாக இருக்கும், மறுபக்கம் பளபளக்கும். மருந்துப் பக்கம்தான் எப்போதும் கேமராவின் கண்ணைப் பார்த்து இருக்க வேண்டும். ஆகவே மங்கல் பக்கத்தைக் கீழே வைத்தால் எல்லோருடைய படமும் ஒரே மாதிரி, நேராகத் தெரியும். இதயத்தைக் கேட்கவே தேவையில்லை. இத்தனை வருடம் நாங்கள் இதைப் பார்க்கவில்லை. இதயம் கண்ணுக்கு முன்னால் இருக்கும்போது ஃபிலிமின் முதுகை யார் தடவிப் பார்ப்பார்கள்?

அவர் ஃபிலிமைச் சாய்த்து ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தார். "மங்கல் மேல இருக்கு. நீங்க முன்பின் மாத்தி வெச்சிருக்கீங்க." புரட்டி வைத்தார். இதயம் எங்கள் இடது கைப் பக்கம் சாய்ந்தது. அதாவது அண்ணனுக்கு வலது பக்கம்.

செவ்வாய்க்கிழமை அம்மா அதையே பார்த்துக்கொண்டிருந்தார். "இப்ப சரி," என்றார். மாப்பிள்ளை சாவியைப் பையில் போட்டார்.

"இது போதாது," என்றேன். "அன்னிக்குச் சுருளையே கேமராவுல முன்பின் மாத்தி மாட்டியிருந்தா?"

"மாட்டியிருந்தா அன்னிக்கு எடுத்த அத்தன பேருக்கும் இதயம் எதிர்ப்பக்கம் இருக்கணும்," என்றார் எக்ஸ்ரேக்காரர். "இருங்க, தகரப் பெட்டி கொண்டாரேன்."

அம்மாவின் அண்ணன் படம் இருநூற்றுப் பன்னிரண்டு. இருநூற்றுப் பதினொன்றையும் பதிமூன்றையும் எடுத்தோம். மூன்றையும் மங்கல் பக்கம் கீழே இருக்கும்படி வரிசையாக வைத்தோம். அந்தக் காலத்தில் கத்தரித்தவர் அவசரக்காரர் போல. வெட்டு நேராக இல்லை, ஓரிடத்தில் கத்தரி நழுவிச் சின்னப் பல் போல ஒரு வளைவு விழுந்திருந்தது. இருநூற்றுப் பன்னிரண்டின் ஓரத்தை இருநூற்றுப் பதிமூன்றின் ஓரத்தோடு சேர்த்தோம். பல் குழியில் போய் உட்கார்ந்தது. அந்தப் பக்கம் பதினொன்றும் அப்படியே பொருந்தியது. ஒரே சுருள், ஒரே கேமரா, சில நிமிட இடைவெளியில் மூன்று இளைஞர்கள். முன்னால் நின்றவனுக்கும் பின்னால் நின்றவனுக்கும் இதயம் இடது பக்கம். நடுவில் நின்றவனுக்கு வலது பக்கம்.

"பட்டாளத்து டாக்டர் இத எப்படி விட்டாரு?" என்றார் மாப்பிள்ளை.

"அவரும் என்னை மாதிரிதான் புரட்டியிருப்பார்," என்றேன்.

அவர்களை வீட்டுக்கு அனுப்பும்போது நான் எந்த வாக்குறுதியும் தரவில்லை. "வெள்ளிக்கிழமை நான் கூப்பிடறேன்" என்று மட்டும் சொன்னேன். செவ்வாய்க்கிழமை அம்மாவும் கேட்கவில்லை.

மறுநாள் இயக்குநரைப் பார்த்தேன். திங்கட்கிழமை நிகழ்ச்சிக்கு அழைப்பிதழ்கூட அடித்தாகிவிட்டது. மேசையில் மூன்று ஃபிலிம்களையும் வைத்து, வெட்டு ஓரங்களைக் காட்டினேன். அவர் இரண்டு தடவை சேர்த்துப் பார்த்தார், பிரித்துப் பார்த்தார்.

"இது உங்க கையெழுத்து."

"ஆமா சார். அதைத் திரும்ப வாங்கிக்கறேன். எழுதிக் கொண்டுவந்திருக்கேன்."

"இந்த மாதிரி இன்னும் எத்தன பெட்டிய நாம புரட்டிப் போட்டிருக்கோம்?"

அவர் கேட்பார் என்று தெரியும். "மீதி முப்பத்தேழுக்கும் ஒப்பிட்ட ஃபிலிம் அத்தனையும் இன்னிக்குக் காலைல எடுத்து மங்கல் பக்கம் பாத்துட்டோம். எல்லாருக்கும் இதயம் அதனதன் இடத்துலதான் இருக்கு. இது ஒண்ணுதான் வீடு மாறினது."

அவர் சிரித்தாரா என்று தெரியவில்லை, மீசை கொஞ்சம் அசைந்தது. "மறுபடி ஒப்பிடறது நீங்க இல்ல."

"நான் இல்ல சார். என் கண்ணு இப்ப 'ஆமா'ன்னு சொல்லத் துடிக்குது. அத நம்பக் கூடாது."

எங்கள் வழக்கம் இதுதான். முதலில் பார்த்தவர் விலகிவிட வேண்டும். பக்கத்துக் கட்டடத்தில் பல் பார்க்கும் டாக்டர் இருக்கிறார், எக்ஸ்ரே ஒப்பிடுவது அவருக்கும் தினசரி வேலை, இந்தப் பெட்டியைக் கண்டதே இல்லை. அறுபத்தொன்றின் இரண்டு காறை எலும்புகளையும் எக்ஸ்ரேக்காரர் பழைய கேமரா பார்த்த அதே கோணத்தில் நிறுத்திப் படம் எடுத்தார். அதற்குக் களிமண்ணில் குத்தி வைத்து, டிகிரி டிகிரியாகத் திருப்ப வேண்டும். பாதி நாள் வேலை. கூடவே, இருநூற்றுப் பன்னிரண்டையும் சேர்த்து, அதே உயரமுள்ள ஐந்து சிப்பாய்களின் ஃபிலிம்கள், பெயர் இல்லாமல், ஒன்று முதல் ஐந்து வரை எண் ஒட்டி, இதயம் இருக்கும் கீழ்ப்பகுதியைக் கறுப்புத் தாளால் மறைத்து. இந்த ஐந்தில் யாராவது இந்த எலும்புக்குச் சொந்தக்காரரா, அல்லது ஒருவருமே இல்லையா? அவ்வளவுதான் கேள்வி.

நான் தாழ்வாரத்தில் நின்றேன். பதற்றமாக இருந்ததா என்று பிறகு பலர் கேட்டார்கள். இல்லை. அங்கே ஓர் எலும்பு இருந்தது, ஒரு படம் இருந்தது, இரண்டும் முதல் தடவையாக ஒரே பக்கம் பார்த்து நின்றன. நேராகக் கேட்டால் அவை நேராகப் பதில் சொல்லும்.

பல் டாக்டர் நாற்பது நிமிடத்தில் வெளியே வந்தார். "மூணாவது படம்," என்றார். அதுதான் இருநூற்றுப் பன்னிரண்டு. "இடது பக்கம் உள்முனைக் குழி, வெளிமுனையில கொக்கி மாதிரி ஒரு நீட்டல், ரெண்டும் அப்படியே இருக்கு. வலது பக்கம் இன்னும் சுலபம். இதுக்கு எதுக்கு நான்? இத யாரு முன்னாடி இல்லன்னு சொன்னது?"

"நான்தான்."

"ஓ," என்று தேநீர் தேடிப் போய்விட்டார்.

வெள்ளிக்கிழமை காலை பத்து மணி பத்து நிமிடத்துக்குத் தொலைபேசியை நான் எடுத்துச் சுழற்றினேன். முதல் மணியிலேயே எடுத்தார்.

"சேதி உண்டும்மா," என்றேன்.

மறுமுனையில் வெகுநேரம் ஒன்றும் கேட்கவில்லை. பதினோரு வருடத்தில் அவர் வீணாக்கிய முதல் வினாடிகள். பிறகு, "மாப்ள, வண்டிய எடுங்க," என்று தள்ளிக் கேட்டது.

திங்கட்கிழமை முப்பத்தேழு பெட்டிகள் நிலவறைக்குப் போயின. எங்கள் படிவத்தின் கடைசியில் இப்போது ஒரு வரி கூடியிருக்கிறது: எலும்பில் தெரியாது என்று நீங்கள் நினைப்பதையும் எழுதவும். மக்கள் எழுதுகிறார்கள். ஒருவர் தன் சித்தப்பா தூக்கத்தில் பாடுவார் என்று எழுதியிருந்தார். அதையும் ஃபைலில் வைத்திருக்கிறேன்.

ஒப்படைக்கும் நாளில் எலும்புகளைத் துணியில் சுற்றிப் பெட்டியில் வைத்து, மேலே புதுச் சீருடை ஒன்றை விரிப்பது வழக்கம். அதில் பதக்கம் குத்துவதற்கென்றே ஒரு பழைய ஹவில்தார் இருக்கிறார். அளவுகோல் வைத்துக் குத்துவார், நூலிழை பிசகாது. அவர் இடது மார்பில் பையின் மேல் விளிம்பிலிருந்து அளந்துகொண்டிருந்தபோது செவ்வாய்க்கிழமை அம்மா, "அந்தப் பக்கம் குத்துங்க," என்றார்.

"எந்தப் பக்கம்மா?"

"வலது பக்கம்."

"அது முடியாதும்மா. ரூல் இருக்கு. இடது பக்கம்தான்."

"ரூலுல என்ன போட்டிருக்கு?"

"இதயத்துக்கு மேல குத்தணும்னு."

"அப்ப ரூல்படியே குத்துங்க."

ஹவில்தார் குழம்பிப்போய் என்னைப் பார்த்தார். நான் ரிப்போர்ட்டைத் திறந்து, மூன்று ஃபிலிம்களும் ஒட்டிய பக்கத்தை அவர் முன்னால் வைத்தேன். நடுப்படத்தைக் குனிந்து பார்த்தார், விரலால் தன் மார்பைத் தொட்டு எது இடது எது வலது என்று ஒரு தடவை சரிபார்த்துக்கொண்டார். பிறகு அளவுகோலை எடுத்துக்கொண்டு மேசையைச் சுற்றி மறுபக்கம் போய், வலது மார்பில் முதலிலிருந்து அளக்க ஆரம்பித்தார்.